காமிரா இல்லாமல் ஒரு திரைப்படம்

முன்னுரை

'சினிமா' என்றதும் நம் மனத்தில் எழுவது என்ன? கதாநாயகன், கதாநாயகி, ஆறு பாட்டு, நான்கு சண்டை, நடுவில் இடைவேளை, இறுதியில் ஒரு கல்யாணம். இவ்வளவுதானே! பள்ளி ஆண்டு மலரில் சினிமாவைப் பற்றிக் கட்டுரையா என்று அருட்சகோதரியரும் பெற்றோரும் திகைக்க வேண்டாம். நாங்கள் சொல்லப் போகும் படங்களில் கதாநாயகனும் இல்லை, சண்டையும் இல்லை. கதையே இல்லை. அவற்றுள் சிலவற்றுக்குக் காமிராகூட இல்லை! வெறும் பிலிம் சுருளையும், தூரிகையையும், ஊசியையும் வைத்துக்கொண்டு திரையில் ஒளியை ஆட வைத்த ஒரு கலைஞரைப் பற்றியே இங்கே சொல்ல விரும்புகிறோம். அவர் பெயர் லென் லை. நியூசிலாந்து நாட்டில் பிறந்து, இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் வாழ்ந்தவர். ஓவியர், சிற்பி, திரைப்படக் கலைஞர் என மூன்று துறைகளிலும் புதுமை செய்தவர்.

இவரைப் பற்றி எங்களுக்கு முதலில் சொன்னவர் எங்கள் ஓவிய ஆசிரியை. ஒரு வெள்ளிக்கிழமை கடைசிப் பாடவேளையில் வகுப்பறையை இருட்டாக்கி, லென் லையின் 'ஃப்ரீ ராடிகல்ஸ்' என்ற படத்தைத் திரையில் போட்டுக் காட்டினார். கறுப்புத் திரை. ஆப்பிரிக்க முரசு ஒலி. அதற்கேற்ப வெள்ளைக் கோடுகள் துடிக்கின்றன, நெளிகின்றன, சுழல்கின்றன. வேறொன்றும் இல்லை. முதலில் நாங்கள் சிரித்துவிட்டோம். "படம் எப்போது மிஸ் ஆரம்பிக்கும்?" என்று பின் வரிசையிலிருந்து ஒருத்தி கேட்டாள். சிறிது நேரத்தில் சிரிப்பு அடங்கிவிட்டது. கோடுகள் ஏதோ உயிருள்ளவை போலத் தோன்றத் தொடங்கின. நான்கு நிமிடத்தில் படம் முடிந்து விளக்கு எரிந்தபோது, இன்னொரு முறை போடச் சொல்லிக் கேட்டவளும் பின் வரிசையில் இருந்த அதே மாணவிதான்.

ஆனால் அன்று மாலை எங்களுக்குள் ஒரு விவாதம் எழுந்தது. "இதெல்லாம் எதற்கு? இதனால் யாருக்கு என்ன பயன்?" என்பதே அது. அரசுப் பொதுத்தேர்வு எழுதவிருக்கும் எங்களுக்கு இந்தக் கேள்வி புதிதல்ல. ஓவிய நோட்டைத் திறந்தாலே வீட்டில் எல்லாரும் கேட்கும் கேள்வி இது! ஆகவே லென் லையின் வாழ்க்கையையும் பணியையும் பற்றித் தெரிந்துகொண்டு, அந்தக் கேள்விக்கு விடை தேடலாம் என்று முயன்றோம். அதன் விளைவே இக்கட்டுரை.

இளமைப் பருவம்

லென் லை 1901 ஆம் ஆண்டு ஜூலை 5 ஆம் நாள் நியூசிலாந்தின் கிரைஸ்ட்சர்ச் நகரில் பிறந்தார். அவர் சிறு குழந்தையாக இருந்தபோதே தந்தை காசநோயால் இறந்துவிட்டார். தாய் பாடுபட்டுத்தான் பிள்ளைகளை வளர்த்தார். தாய் மறுமணம் செய்துகொண்ட பின், சில காலம் குடும்பம் காம்பெல் முனை என்னும் கடற்கரையில் ஒரு கலங்கரை விளக்கத்தருகே வாழ்ந்தது. ஒருபுறம் கடல் அலை, மறுபுறம் இரவெல்லாம் சுழன்று வரும் ஒளிக்கற்றை. இவற்றின் நடுவே வளர்ந்த பிள்ளை, பிற்காலத்தில் ஒளியையும் அசைவையும் தன் கலைக்கு மூலப்பொருளாகக் கொண்டதில் வியப்பில்லை.

தம் குழந்தைப் பருவ நினைவு ஒன்றை அவர் முதுமையிலும் மறக்கவில்லை. ஒருநாள் அவர் ஒரு மண்ணெண்ணெய்த் தகரத்தை ஓங்கி உதைத்தார். தகரம் உருண்டது. வெயில் பட்டு மின்னியது. பெரும் ஓசை எழுந்தது. ஒளி, ஓசை, அசைவு ஆகிய மூன்றும் ஒரே நொடியில் கலந்த அந்த அனுபவம் அவர் மனத்தில் பதிந்துவிட்டது. சாதாரணமாக நாமும் தகரத்தை உதைக்கிறோம், திட்டு வாங்குகிறோம், மறந்துவிடுகிறோம். அவர் மறக்கவில்லை. அதுதான் வேறுபாடு.

வசதியின்மையால் சிறு வயதிலேயே வேலைக்குப் போக வேண்டியிருந்தது. எனினும் ஓவியம் கற்பதை விடவில்லை. பதின்ம வயதில் ஒரு நாள், இரவெல்லாம் மழை பெய்து ஓய்ந்த காலைப்பொழுதில், வானத்தில் மேகங்கள் விரைந்து ஓடுவதைப் பார்த்துக்கொண்டு நின்றார். ஆங்கில ஓவியர் கான்ஸ்டபிள் மேகங்களின் ஓட்டத்தைப் படத்தில் காட்ட முயன்றவர் ஆயிற்றே என்று நினைத்தார். உடனே இன்னோர் எண்ணம் தோன்றியது. மேகத்தை வரைந்து அதன் மூலம் ஓட்டத்தை ஏன் காட்ட வேண்டும்? ஓட்டத்தையே நேராக ஒரு கலையாக்கினால் என்ன? இசைக்கலைஞர் ஓசைகளைக் கோத்து இசை அமைப்பது போல, அசைவுகளைக் கோத்து ஒரு கலை அமைக்க முடியாதா? இந்த ஒரு கேள்வியைத்தான் அவர் வாழ்நாள் முழுவதும் பல வழிகளில் கேட்டுக்கொண்டிருந்தார். முதலில் பழப்பெட்டிகளில் கப்பிகளையும் கைப்பிடியையும் பொருத்தி, அசையும் பொருள்களைச் செய்து பார்த்தார்.

நியூசிலாந்தின் ஆதி குடிகளான மாவோரி மக்களின் சிற்பங்களையும், பசிபிக் தீவு மக்கள் மரப்பட்டைத் துணியில் தீட்டும் கோலங்களையும் அவர் ஆர்வத்துடன் பயின்றார். ஐரோப்பியர் பலர் அவற்றை நாகரிகமற்றவை என்று ஒதுக்கிய காலம் அது. அவரோ அவற்றில் தமக்கு ஆசிரியர்களைக் கண்டார். ஆஸ்திரேலியாவின் சிட்னி நகரில் விளம்பரப் படங்கள் தயாரிக்கும் இடத்தில் வேலை செய்து, உயிர்ச்சித்திரக் கலையைக் கற்றார். சமோவா தீவிலும் சில காலம் வாழ்ந்தார். 1926 ஆம் ஆண்டு, ஒரு கப்பலில் நிலக்கரி அள்ளும் வேலை செய்தபடியே லண்டன் போய்ச் சேர்ந்தார்.

முதற்படமும் முட்டுக்கட்டையும்

லண்டனில் அவர் எடுத்த முதற்படம் 'டுசலவா'. சமோவா மொழிச் சொல்லே அதற்குப் பெயர். புழுப் போன்ற உருவங்கள் வளர்ந்து, பிரிந்து, ஒன்றையொன்று தாக்கும் சுமார் பத்து நிமிடப் படம். ஆயிரக்கணக்கான ஓவியங்களை ஒவ்வொன்றாக வரைந்து, ஒவ்வொன்றாகக் காமிராவில் படம் பிடித்து, ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள் உழைத்தார். 1929 இல் லண்டன் பிலிம் சொசைட்டியில் அது திரையிடப்பட்டது. பார்த்தவர்கள் பலருக்கு அது விளங்கவில்லை. அடுத்த படத்துக்குப் பணம் கொடுப்பாரும் இல்லை. காமிராவுக்கும் கூடத்துக்கும் வாடகை கொடுக்க அவரிடம் வழியில்லை.

காமிரா இல்லை. படம் எடுக்கும் ஆசையோ விடவில்லை. இந்த நிலையில் என்ன செய்யலாம்? பிலிமை வாங்கி, அதன்மேலேயே நேராக வரைந்துவிட்டால் காமிரா எதற்கு என்று அவர் எண்ணினார். இல்லாமையே அவருக்குப் புதுவழி காட்டியது எனலாம்.

பிலிம் என்பது என்ன?

இந்த வழியைப் புரிந்துகொள்ள, பிலிம் சுருளைப் பற்றிச் சிறிது அறிவது அவசியம். இன்று திரையரங்குகளில் பெரும்பாலும் டிஜிட்டல் முறையே உள்ளது. ஆகவே எங்கள் வயதினரில் பலர் பிலிமைக் கையால் தொட்டதே இல்லை. பிலிம் என்பது ஒளி ஊடுருவும் நீண்ட நாடா. திரையரங்குகளில் பயன்பட்ட வகை 35 மில்லிமீட்டர் அகலம் உடையது. ஓரங்களில் பற்சக்கரம் மாட்டிக்கொள்வதற்கான துளைகள் இருக்கும். நாடாவின் நெடுகிலும் தபால்தலை அளவுள்ள கட்டங்கள் ஒன்றன்கீழ் ஒன்றாக அமைந்திருக்கும். ஓர் அடி நீளத்தில் 16 கட்டங்கள்.

பேசும் படத்தில் ஒரு நொடிக்கு 24 கட்டங்கள் விளக்கின் முன் வந்து நின்று போகின்றன. கவனியுங்கள்: ஓடிக்கொண்டே இருப்பதில்லை, ஒவ்வொன்றும் ஒரு கணம் நிற்கிறது. ஒன்று விலகி அடுத்தது வரும் இடைவெளியில், ஒரு மூடி குறுக்கே வந்து ஒளியை மறைத்துவிடுகிறது. அந்த இருட்டை நம் கண் உணர்வதில்லை. சற்றே வேறுபட்ட படங்கள் விரைவாக அடுத்தடுத்து வரும்போது, நம் மூளை அவற்றை இணைத்து ஒரே அசைவாகக் கொள்கிறது. நின்று நின்று போகும் படங்களே ஓடும் குதிரையாகவும் விழும் அருவியாகவும் நமக்குத் தெரிகின்றன.

கணக்கில் சிறந்த தோழியருக்கு ஒரு கணக்கு. ஒரு நொடிக்கு 24 என்றால், ஒரு நிமிடத்துக்கு 1,440 கட்டங்கள். நான்கு நிமிடப் படத்துக்கு 5,760 கட்டங்கள். நீளமோ 360 அடி. அத்தனையும் ஒரு மனிதர் கையால் தீட்ட வேண்டும்!

வண்ணம் நடனமாடியது எப்படி?

லென் லை இதற்கு ஓர் உபாயம் கண்டார். எல்லா இடத்திலும் கட்டம் கட்டமாக வரைய வேண்டும் என்பதில்லை. நாடாவின் நெடுகிலும் ஒரே கோடாக இழுத்துவிடலாம். அந்தக் கோடு சற்றே சாய்ந்து செல்கிறது என்று வைத்துக்கொள்வோம். முதற் கட்டத்தில் அது இடது ஓரத்தில் இருக்கும். அடுத்ததில் சிறிது வலப்புறம். அதற்கடுத்ததில் இன்னும் சிறிது வலப்புறம். புரொஜக்டரில் ஓட்டினால், ஒரு கோடு இடமிருந்து வலமாக நடந்து போவது போலத் தோன்றும். கை சிறிது நடுங்கினால் கோடும் நடுங்கும். பிழை என்று நாம் அழிக்கும் நடுக்கமே திரையில் துடிப்பாகிறது.

பிலிமில் ஒட்டிக்கொள்ளும் சாயங்களைத் தேர்ந்து, தூரிகையால் தீட்டினார். ஈரச் சாயத்தின் மேல் சீப்பை இழுத்தார், அலைகள் தோன்றின. துளையிட்ட தகடுகளை வைத்து வண்ணம் தெளித்தார். புள்ளிகளும் வட்டங்களும் பிறந்தன. இதற்கு இணையாக எங்களுக்குத் தோன்றுவது நம் சிற்றாலயத்தின் வண்ணக் கண்ணாடிச் சன்னல்தான். காலைத் திருப்பலியின்போது சூரிய ஒளி அதன் வழியாக வந்து, தரையில் சிவப்பும் நீலமுமாக விழுவதைப் பார்த்திருப்பீர்கள். லென் லையின் பிலிமும் வண்ணம் தீட்டிய ஒரு சன்னலே. சூரியனுக்குப் பதில் புரொஜக்டர் விளக்கு. தரைக்குப் பதில் திரை. சன்னல் ஒன்றல்ல, நொடிக்கு 24!

இசை எங்கே பதிகிறது என்று கேட்பீர்கள். பிலிமின் ஓரத்திலேயே ஒலிக்காக ஒரு மெல்லிய பட்டை உண்டு. ஒலிக்கேற்ப அதில் கோலங்கள் பதிந்திருக்கும். அதன் வழியே செல்லும் ஒளி கூடிக் குறைவதை ஒரு கருவி மின்சாரமாக்கி, பின் ஓசையாக்குகிறது. இசையறிந்த நண்பர் ஜாக் எலிட்டின் உதவியுடன், எந்தக் கட்டத்தில் முரசு விழுகிறது, எந்தக் கட்டத்தில் சுரம் மாறுகிறது என்பதைக் கணக்கிட்டு, அதற்கேற்ப லென் லை வண்ணம் தீட்டினார்.

இவ்வாறு உருவான படம் 'ஏ கலர் பாக்ஸ்' (வண்ணப் பெட்டி) என்பது. ஆண்டு 1935. இதற்குப் பணம் கொடுத்தது யார் தெரியுமா? பிரிட்டிஷ் அஞ்சல் துறை! அத்துறைக்கு ஒரு திரைப்படப் பிரிவு இருந்தது. அதன் தலைவர் ஜான் கிரியர்சன் லென் லையின் சோதனையைப் பார்த்து வியந்தார். படத்தின் முடிவில் பார்சல் கட்டணக் குறைப்பைப் பற்றிய விளம்பர எழுத்துகளைச் சேர்க்க வேண்டும் என்பதே ஏற்பாடு. அவரும் இணங்கினார். கியூபா நாட்டு நடன இசைக்கு வண்ணங்கள் கூத்தாடி, இடையே பார்சல் எடையும் கட்டணமும் துள்ளி வந்தன. சில அரங்குகளில் மக்கள் கைதட்டினர். சில அரங்குகளில் கூச்சலிட்டனர். அதே ஆண்டு பிரஸ்ஸல்ஸ் நகரில் நடந்த திரைப்பட விழாவில், இதை எந்தப் பிரிவில் சேர்ப்பது என்று நடுவர்களுக்கு விளங்கவில்லை. ஆகவே இதற்கென்றே ஒரு தனிப் பரிசை ஏற்படுத்தி வழங்கினர்.

மிச்சத்திலிருந்து ஒரு விருந்து

அடுத்த ஆண்டு 'ரெயின்போ டான்ஸ்' என்ற படம் வந்தது. இது அஞ்சலகச் சேமிப்பு வங்கிக்கான விளம்பரம். ஒரு நடனக் கலைஞரைக் கறுப்பு வெள்ளையில் படம் பிடித்து, வண்ணப்பட முறையின் வழியாக அவர் உருவத்துக்குப் பல நிறங்களைப் பிரித்துக் கொடுத்தார். 1937 இல் 'ட்ரேட் டாட்டூ' என்ற படம். அஞ்சல் துறையின் வேறு படங்களுக்காக எடுக்கப்பட்டு, வேண்டாமென்று ஒதுக்கிய துண்டுகளை எடுத்துக்கொண்டார். தொழிலாளர்கள், ஆலைகள், கடிதம் பிரிப்போர் ஆகிய காட்சிகளின் மேல் வண்ணங்களையும் கோலங்களையும் சேர்த்து, நாட்டின் உழைப்பே ஒரு தாளகதியில் இயங்குவதாகக் காட்டினார். நம் அம்மாமார் மிஞ்சிய சோற்றைப் புது உணவாக்கிவிடுவதுபோலத்தான் இதுவும்!

இரண்டாம் உலகப்போர் மூண்டபோது, அரசுக்காகப் பல செய்திப் படங்கள் எடுத்தார். போர்க்காலப் பஞ்சத்தில் காய்கறிகளைக் கொண்டு உணவு செய்வதைச் சொல்லும் படமும் அவற்றுள் ஒன்று. 1944 இல் அமெரிக்காவின் நியூயார்க் நகருக்குச் சென்று, அங்கேயே தங்கிவிட்டார்.

அங்கே 1950களின் தொடக்கத்தில் 'கலர் க்ரை' என்ற படத்தைக் காமிரா இல்லாமலே வேறொரு முறையில் செய்தார். இருட்டறையில் பிலிமின் மேல் துணிகளையும் துளைத் தகடுகளையும் நேராகப் பரப்பி, ஒரு கணம் வண்ண ஒளியைப் பாய்ச்சினார். பொருளின் நிழலே பிலிமில் படமாக நின்றுவிட்டது.

ஊசியால் எழுதிய ஒளி

இனி, நாங்கள் வகுப்பில் பார்த்த 'ஃப்ரீ ராடிகல்ஸ்' படத்துக்கு வருவோம். இது 1958 இல் உருவானது. இதில் அவர் வண்ணத்தைக்கூட விட்டுவிட்டார். முற்றிலும் கறுத்த 16 மில்லிமீட்டர் பிலிமை எடுத்து, அதன் கறுப்புப் பூச்சை ஊசி, ரம்பத்தின் பல், அம்பு முனை, பல் மருத்துவரின் கருவி முதலியவற்றால் கீறினார். கீறிய இடத்தில் மட்டும் ஒளி புகும். அதுவே திரையில் வெள்ளைக் கோடாகத் தெரியும். இந்தப் பிலிமில் ஒரு கட்டம் நம் சுண்டுவிரல் நகத்தைவிடச் சிறியது. அதற்குள் அடுத்தடுத்துப் பொருந்துமாறு கீற வேண்டும். வண்ணத்தைத் துடைத்து மறுபடி தீட்டலாம். கீறலை அழிக்க முடியாது. ஒரு கீறல் தவறினால் அவ்வளவுதான். பல நூறு முறை கீறிப் பார்த்து, அவற்றுள் உயிருள்ளவற்றை மட்டும் பொறுக்கிச் சேர்த்தார்.

படத்தின் பெயர் வேதியியலிலிருந்து வந்தது. இணைசேராத எலக்ட்ரானை உடைய, எளிதில் வினைபுரியும் துகளை அப்பெயரால் அழைக்கிறார்கள். ஓயாமல் துடிக்கும் கோடுகளுக்குப் பொருத்தமான பெயர்தானே! பிரஸ்ஸல்ஸ் உலகக் கண்காட்சியையொட்டி அவ்வாண்டு நடந்த சோதனைப் படங்களுக்கான போட்டியில், இப்படம் இரண்டாம் பரிசு பெற்றது.

ஏமாற்றமும் வேலைநிறுத்தமும்

பரிசு வந்ததே, இனிக் கவலை இல்லை என்று நாம் நினைப்போம். நடந்தது வேறு. முந்தைய ஆண்டில் ஒரு மோட்டார் கார் கம்பெனிக்காக 'ரிதம்' என்ற ஒரு நிமிடப் படம் செய்து கொடுத்திருந்தார். கார் உருவாகும் காட்சிகளைத் துண்டு துண்டாக வெட்டி, ஆப்பிரிக்க முரசுக்கு ஏற்ப ஒட்டியிருந்தார். கம்பெனிக்கு அது பிடிக்கவில்லை, தொலைக்காட்சியில் காட்டவில்லை. விளம்பரக் கலைஞர்களின் போட்டியிலோ அதற்கே முதற்பரிசு கிடைத்தது. ஆனால் தொலைக்காட்சியில் வராத விளம்பரம் போட்டிக்குத் தகுதியற்றது என்று பரிசைத் திரும்பப் பெற்றுவிட்டனர்.

'ஃப்ரீ ராடிகல்ஸ்' வெற்றிக்குப் பிறகும் புதிய படத்துக்கு உதவுவார் கிடைக்கவில்லை. மனம் நொந்த அவர், இனிப் படம் எடுப்பதில்லை, இது என் வேலைநிறுத்தம் என்று அறிவித்துவிட்டார். இந்தச் செய்தியைப் படித்தபோது எங்களுக்கு வருத்தமாக இருந்தது. உலகம் முழுவதும் பரிசளித்த ஒருவருக்கே பிலிம் வாங்கப் பணம் இல்லை என்றால், "இதனால் என்ன பயன்?" என்று வீட்டில் கேட்பது நியாயம்தானோ என்றுகூட எண்ணினோம்.

ஆனால் அவர் கையைக் கட்டிக்கொண்டு உட்காரவில்லை. அசைவைப் பிலிமில் அமைக்க முடியாவிட்டால் இரும்பில் அமைப்பேன் என்று கிளம்பினார். நீண்ட எஃகுத் தகடுகளையும் கம்பிகளையும் மின்மோட்டாரில் பொருத்தி, அசையும் சிற்பங்களைப் படைத்தார். தகடு அதிர்ந்து ஒலி எழுப்பும் 'பிளேட்'. மெல்லிய எஃகுக் கம்பிகள் நீர்த்தாரை போல அசைந்தாடும் 'ஃபவுண்டன்'. மின்காந்தத்தின் இழுப்பால் துள்ளும் பெரிய எஃகு வளையமான 'யுனிவர்ஸ்' ஆகியவை புகழ்பெற்றவை. 1961 இல் நியூயார்க் நவீனக் கலைக் காட்சியகத்தில் அவருடைய அசையும் சிற்பங்கள் சில இயக்கிக் காட்டப்பட்டன. மிகப் பெரிய சிற்பங்கள் பலவற்றைச் செய்யப் பணம் இல்லை. ஆகவே அவற்றின் வரைபடங்களையும் குறிப்புகளையும் எழுதி வைத்தார். நான் இருக்கும்போது ஆகாவிட்டால் பிறகு ஆகட்டும் என்ற நம்பிக்கை!

மீண்டும் ஊசி

முதுமையில் அவர் மறுபடியும் பிலிமை எடுத்தார். 'பார்ட்டிகிள்ஸ் இன் ஸ்பேஸ்' என்ற படத்தை 1979 இல் முடித்தார். அதே ஆண்டில், 21 ஆண்டுகளுக்கு முன் பரிசு பெற்ற 'ஃப்ரீ ராடிகல்ஸ்' படத்தையும் எடுத்துப் பார்த்து, ஐந்து நிமிடமாக இருந்ததை நான்கு நிமிடமாகக் குறைத்தார். இதுதான் எங்களை மிகவும் வியக்க வைத்த செய்தி. உலகம் பாராட்டி முடித்துவிட்டது. திருத்தச் சொல்லி யாரும் கேட்கவில்லை. திருத்தினால் பரிசும் இல்லை. இருந்தும் 78 வயதில் ஒருவர் தம் பழைய வேலையை எடுத்து வைத்து, இது இன்னும் சரியாக வேண்டும் என்று வெட்டுகிறார்! நாமோ தேர்வுத்தாளை ஒருமுறை திருப்பிப் பார்க்கவே சோம்பல்படுகிறோம்.

1980 மே 15 ஆம் நாள் லென் லை காலமானார். அப்போது பாதியில் நின்ற 'டால் ஃபார்லோ' என்ற கீறல் படத்தை அவருடைய உதவியாளர் முடித்தார். பிறந்த நாடு அவரை மறக்கவில்லை. அவருடைய படங்களும் குறிப்புகளும் நியூசிலாந்தின் நியூ பிளைமத் நகரில் பாதுகாக்கப்படுகின்றன. 2015 இல் அங்கே அவர் பெயரால் ஒரு கலைக்கூடம் திறக்கப்பட்டது. அதன் பளபளக்கும் எஃகுச் சுவர் வானத்தையும் தெருவையும் நெளிநெளியாகக் காட்டும். அவர் வரைந்து வைத்த திட்டத்தின்படி, மிக உயரமான 'காற்றுக்கோல்' ஒன்று அந்நகரக் கடற்கரையில் காற்றுக்கு வளைந்து ஆடுகிறது. 2008 இல் அமெரிக்கா தன் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் 'ஃப்ரீ ராடிகல்ஸ்' படத்தைச் சேர்த்தது.

அவர் காட்டிய வழியில் நடந்தவர்கள் பலர். அவர்களில் முதன்மையானவர் கனடாவின் நார்மன் மக்லாரன். இவரும் பிலிமில் நேராக வரைந்து புகழ்பெற்றவர். யுனெஸ்கோ நிறுவனத்தின் சார்பில் 1950களின் தொடக்கத்தில் நம் இந்தியாவுக்கும் வந்து, எளிய முறையில் படம் செய்யக் கற்பித்தார் என்பது நமக்கு மகிழ்ச்சி தரும் செய்தி.

நாங்கள் செய்த சோதனை

படித்ததோடு நிற்கக் கூடாது என்று எங்களில் ஐவர் ஒரு சோதனை செய்தோம். பிலிமுக்கு எங்கே போவது? ஆகவே 48 தாள்களை ஒரே அளவாக வெட்டி, ஓரத்தில் கிளிப் மாட்டினோம். நொடிக்கு 24 என்றால் இரண்டு நொடிப் படம். ஒரு பந்து மேலிருந்து விழுந்து எழும்ப வேண்டும், அவ்வளவுதான். ஆளுக்குச் சில தாள்கள் என்று பிரித்துக்கொண்டு வரைந்தோம். சேர்த்துப் புரட்டியபோது ஒரே கூத்து! ஒருத்தியின் பந்து எலுமிச்சம்பழம் அளவு. இன்னொருத்தியின் பந்து பூசணிக்காய். பந்து குதிக்கவில்லை, வீங்கி வீங்கி வற்றியது.

மறுமுறை, முந்தைய தாளின்மேல் அடுத்த தாளை வைத்து, சன்னல் வெளிச்சத்தில் பார்த்து வரைந்தோம். பந்தின் அளவு சரியாயிற்று. ஆனால் அது பஞ்சு போல மெதுவாக இறங்கியது. ஒவ்வொரு தாளிலும் ஒரே தூரம் நகர்த்தியதே காரணம் என்று பிறகுதான் புரிந்தது. விழும் பொருளின் வேகம் கூடிக்கொண்டே போகும் என்று அறிவியல் வகுப்பில் படித்ததை, தாளில் மறந்துவிட்டோம்! மூன்றாம் முறை, கீழே போகப் போக இடைவெளியைக் கூட்டி வரைந்தோம். பந்து 'தொப்'பென்று விழுந்து எழும்பியது. நாங்கள் போட்ட கூச்சலில் பக்கத்து வகுப்பிலிருந்து எட்டிப் பார்த்தார்கள். இரண்டு நொடிக்கு எங்கள் ஐவருக்கும் மூன்று நாள் மாலைவேளைகள் செலவாயின. நான்கு நிமிடத்துக்கு அந்த மனிதர் எவ்வளவு பொறுமை காத்திருப்பார் என்பது அப்போதுதான் உறைத்தது. அசைவு என்பது தாளில் இல்லை, ஒரு தாளுக்கும் அடுத்த தாளுக்கும் உள்ள வேறுபாட்டில் இருக்கிறது என்பதும் புரிந்தது.

முடிவுரை

"இதனால் என்ன பயன்?" என்ற கேள்விக்கு வருவோம். கதை இல்லாத படத்தால் என்ன பயன் என்பார்க்கு நாங்கள் ஒன்று கேட்கிறோம். ஆலயத்தில் ஆர்கன் மட்டும் வாசிக்கும்போது அதில் சொல் இல்லையே, ஏன் கண்மூடிக் கேட்கிறோம்? சொல்லில்லாத ஓசை நம் உள்ளத்தைத் தொடுமானால், கதையில்லாத ஒளியும் தொடலாம் அல்லவா?

ஆனால் உண்மையை மறைக்கக் கூடாது. லென் லைக்கு இக்கலை பெருஞ்செல்வம் தரவில்லை. பலமுறை பணமுடையால் நின்றுபோனார். ஆகவே எல்லாரும் படிப்பை விட்டுவிட்டுத் தூரிகையை எடுங்கள் என்று நாங்கள் சொல்ல வரவில்லை. எங்களுக்கும் பொதுத்தேர்வு இருக்கிறது! அவர் பார்சல் கட்டணத்தையும் விளம்பரப்படுத்தினார். அதனுள்ளேயே தம் வண்ணங்களையும் ஆட வைத்தார். பிழைப்புக்கான வேலையும் மனத்துக்கு உகந்த வேலையும் எப்போதும் பகைவர் அல்ல என்பதே அவரிடம் நாங்கள் கற்றது.

நற்செய்தியில் தாலந்து உவமையை நாம் அனைவரும் அறிவோம். ஒரே தாலந்து பெற்றவன், அதை இழந்துவிடுவோமோ என்று அஞ்சி மண்ணில் புதைத்தான். பயன் என்ன என்று முன்கூட்டியே கணக்குப் பார்த்துப் பார்த்து, நாமும் எத்தனையோ திறமைகளைப் புதைத்துவிடுகிறோம். ஒருத்திக்குப் பாட்டு, ஒருத்திக்குத் தையல், ஒருத்திக்குக் கோடு. காமிரா இல்லை என்று புதைக்காமல், ஓர் ஊசியை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தவரின் ஒளி, அவர் மறைந்து நாற்பது ஆண்டுகளுக்குப் பின்னும் எங்கள் இருட்டு வகுப்பறைவரை வந்து சேர்ந்ததே!

எங்கள் 48 தாள் பந்து, வகுப்பு அலமாரியில் ஓவிய நோட்டுகளுக்கு மேல் இருக்கிறது. அன்புத் தோழியரே, இடைவேளையில் வந்து புரட்டிப் பாருங்கள். பெற்றோரே, அடுத்த முறை உங்கள் மகள் நோட்டின் ஓரத்தில் ஏதோ கிறுக்குவதைக் கண்டால், கோபிக்குமுன் அந்தப் பக்கங்களை ஒருமுறை வேகமாகப் புரட்டிப் பாருங்கள். ஒருவேளை அது அசையக்கூடும்!

பத்தாம் வகுப்பு, 'ஆ' பிரிவு